சிப்பித் திடலும் ஒரு மூக்கும்

ஒரு வாசனை ஒருத்திக்கு மட்டும்தான் தெரிகிறது என்றால், அது இருக்கிறதா இல்லையா? இருக்கிறது என்று அவள் சொல்வதை மற்றவர்கள் எத்தனை வருடம் நம்பிக்கொண்டிருக்கலாம்? சாய்வு நாற்காலியில் உட்கார்ந்து இப்படிக் கேட்டுக்கொள்வது சுகமான பொழுதுபோக்கு. மூக்கக்காவுக்கு இந்தக் கேள்வி மீன் எடைபோடும் கொட்டகையில் வந்தது. வருடத்துக்கு ஒருமுறை, ஒரு அலுமினியப் பானையின் மூடியைத் திறக்கும்போது வந்தது. ஆவி அடங்குவதற்குள் அவள் பதில் சொல்லியாக வேண்டும்.

வீட்டு ஆட்களைத் தவிர எல்லோருக்கும் அவள் மூக்கக்காதான். பதினேழு வயதிலிருந்து சிப்பி வேலை. கடல் இறங்கும் நேரத்தில் துறைமுகத்துக்கு எதிரே ஒரு பெரிய சேற்றுத் திடல் தலை தூக்கும். அந்தச் சேற்றில் கையை விட்டால் சிப்பி அகப்படும். முதலில் அங்கே பொறுக்கினாள். முதுகு பிடித்துக்கொண்ட பிறகு கொட்டகையில் உட்கார்ந்து தரம் பிரித்தாள். ஒரு மூட்டையில் ஒரே ஒரு சிப்பி செத்திருந்தாலும் மூட்டையைப் பிரிக்காமலே சொல்லிவிடுவாள். பக்கத்து வீட்டில் எரிவாயு கசிவதை, அந்த வீட்டாருக்கு முன்னால் தெரிந்துகொண்டு போய்க் கதவைத் தட்டியிருக்கிறாள். ஐஸ் தொழிற்சாலையில் வேலை செய்த அவள் கணவர், "இவகிட்ட ஒரு பொய் சொல்லணும்னா முதல்ல குளிச்சிட்டு வரணும்" என்பார்.

இதில் அவளுக்குப் பெருமை எதுவும் இல்லை. காது கேட்கிறவன் அதைச் சொல்லிப் பீற்றிக்கொள்வதில்லையே. மற்றபடி அவள் சட்டென்று பிடித்துப்போகும் ஆள் கிடையாது. பேச்சு குறைவு, பிடிவாதம் அதிகம். ஒருமுறை சொன்னதை மாற்றிச் சொல்லமாட்டாள். இது எப்போதும் நல்ல குணம்தான் என்று உறுதியாகச் சொல்வதற்கில்லை.

அவளுக்கு நாற்பத்தொரு வயதானபோது, துறைமுக வாயிலில் இருந்த பாறையில் ஒரு எண்ணெய்க் கப்பல் மோதி வயிறு கிழிந்தது. கப்பலுக்கு ஒரு பெயர் இருந்தது. அதை அங்கே யாரும் சொல்வதில்லை. "அது வந்த வருஷம்" என்றால் எல்லோருக்கும் புரிந்துவிடும். கூழ் போலக் கெட்டியான கறுப்பு, அலையோடு வந்து திடலின் மேல் உட்கார்ந்தது. நாற்பது நாள் வாளியாலும் தகரத்தாலும் அள்ளினார்கள். அள்ளியதைக் கரை சேர்க்க இருந்த படகுகளெல்லாம் ஓடின. எல்லாவற்றையும்விட அதிகமாக ஓடியது அவள் கொழுந்தனின் நீலப் படகு.

கொழுந்தனுக்கு அப்போது கல்யாணமாகி ஒரு வருடம். கையும் சும்மா இருக்காது, வாயும் சும்மா இருக்காது. தலை முதல் கால் வரை கறுப்பாக வந்து நின்று, "அண்ணி, என் படகுக்கு எண்ணெய்க் குளியல்! இனிமே ஜென்மத்துக்கும் துரு பிடிக்காது" என்றான்.

"மரத்துக்கு எங்கே தம்பி துரு பிடிக்குது?"

"அப்போ ரெட்டை லாபம்."

நாற்பத்தொன்றாம் நாள் படகைக் கரையில் கவிழ்த்துப்போட்டு, சோப்பும் வெந்நீருமாக ஒரு வாரம் தேய்த்தான். உள்ளும் புறமும் மூன்று பூச்சு நீலம் அடித்தான். புதுசு போல மினுமினுத்தது. அந்தக் கரையில் அந்த மாதம் கண்ணுக்கு அழகாக இருந்தது அது ஒன்றுதான்.

ஒன்றரை வருடம் கழித்து ஆய்வுக்கூடத்திலிருந்து ஒரு தாள் வந்தது. திடலில் கவலைப்படும் அளவுக்கு எண்ணெய் இல்லை என்று அதில் எழுதியிருந்தது. மறுநாளே திடலில் ஆட்கள் இறங்கிவிட்டார்கள். கொட்டகையில் முதல் மூட்டை இறங்கியதும் மூக்கக்கா எழுந்து நின்றாள்.

"அனுப்பாதீங்க. இன்னும் இருக்கு."

மீனவர் சங்கத்தின் தலைவர் அந்தப் பதவிக்குப் புதியவர். அதற்கு முன் வலை பழுது பார்த்துக்கொண்டிருந்தவர். "அக்கா, கவர்மெண்டே இல்லைன்னு சொல்லுது. உங்க மூக்கு கவர்மெண்டைவிடப் பெரிசா?" என்றார். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். அவளுடைய மூக்கு அளவிலும் கொஞ்சம் பெரியதுதான்.

மூன்று வாரத்தில் லாரிகள் திரும்பி வந்தன. நகரத்துச் சமையலறைகளில் பானையைத் திறந்தால் மண்ணெண்ணெய் வாடை அடித்ததாம். அத்தோடு போயிருந்தால் பரவாயில்லை. சிப்பிக்கு வந்த கெட்ட பெயர் மீனுக்கும் வந்தது. மூன்று நாள் பயணத் தொலைவில், கறுப்பின் நிழல்கூடப் படாத ஆழ்கடலில் பிடித்த மீனையும், "அந்தத் துறைமுகத்துச் சரக்கா? வேண்டாம்பா" என்று ஒதுக்கினார்கள். ஒரு பருவம் முழுக்கப் படகுகள் கட்டிக் கிடந்தன.

அதற்குப் பிறகு சங்கம் கூடி ஒரு தீர்மானம் போட்டது. திடலை மறுபடி திறக்க வேண்டுமானால் தாள் மட்டும் போதாது, மூக்கக்காவும் 'இல்லை' என்று சொல்ல வேண்டும். அதை முன்மொழிந்தவர் தலைவரேதான். அவர் செய்த காரியங்களில் தயக்கமில்லாமல் பாராட்டக்கூடியது இது ஒன்று. கேலி செய்த மனிதரே எழுந்து நின்று சொன்னார்.

நியாயம் என்று ஒன்று வந்துவிட்டால் அதற்கென்று விதிகளும் வந்துவிடும். வருடா வருடம் அதே மாதம், கடல் மிக அதிகமாக இறங்கும் அதே நாள். திடலில் ஐந்து இடங்களில் இரும்புக் கம்பி நட்டார்கள். அந்தக் கம்பிகளுக்குப் பக்கத்தில் மட்டும்தான் பொறுக்க வேண்டும். முதல் வருடம் தற்செயலாகக் கொழுந்தனின் நீலப் படகில் போனார்கள். வேறு படகை மாற்றினால் யாராவது ஏதாவது சொல்வார்கள் என்று ஒவ்வொரு வருடமும் அதே படகு. சிப்பி உயிரோடு வர வேண்டும் என்பதால் படகின் நடுவில் இருந்த பலகைத் தொட்டியில் கடல் தண்ணீர் நிரப்பி அதில் போட்டுக் கொண்டுவந்தார்கள். அதே பானை, அதே அடுப்பு, உப்புகூடப் போடாத வெறும் தண்ணீர். எந்தச் சிப்பி எந்தக் கம்பியிலிருந்து வந்தது என்று அவளுக்குத் தெரியக் கூடாது. அதனால் அன்று காலையிலிருந்தே அவள் கொட்டகையை விட்டு நகரக் கூடாது, படகுத்துறைப் பக்கம் தலை காட்டக் கூடாது. ஆய்வுக்கூடத்துப் பெண் தனியாகத் தன் வெள்ளைப் படகில் வந்து, சிப்பியை ஐஸ் பெட்டியில் அடுக்கிக்கொண்டு போய்விடுவாள்.

மூடி திறக்கும். மூக்கக்கா குனிவாள். ஒன்றை எடுத்து மென்று துப்புவாள்.

"இருக்கு."

தலைவர் நோட்டில் எழுதுவார்: இருக்கிறது.

முதல் நான்கு வருடம், இப்போது முன்பைவிடக் கவனமாகச் சோதித்து எழுதிய தாளும் அதையேதான் சொன்னது. ஐந்தாவது வருடத்திலிருந்து தாள் 'இல்லை' என்றது. மூக்கக்கா 'இருக்கு' என்றாள்.

திடலில் நட்ட சிவப்பு எச்சரிக்கைப் பலகை வெயிலில் வெளிறி, மூன்று முறை மறுபூச்சு கண்டது. கடல் இறங்குவதைப் பார்த்து எழுந்தவர்கள் தொழிற்சாலைச் சங்கு கேட்டு எழுந்தார்கள். கொழுந்தன் கட்டட வேலையில் சாரம் கட்டப் போனான். படகை மட்டும் விற்கவில்லை, ஞாயிற்றுக்கிழமை ஆனால் போய்த் துடைத்துவிட்டு வருவான். அவன் மனைவி, அதாவது மூக்கக்காவின் ஓரகத்தி, ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் சேர்ந்தாள். வெளுப்புத்தூள் அரித்து அவள் விரல் நுனிகளில் ரேகையே இல்லை. "நான் திருடினா என்னைப் பிடிக்கவே முடியாது" என்று சிரிப்பாள். மூக்கக்கா இருக்கும்போது சிரிக்கமாட்டாள்.

பத்தாவது வருடம் நெருங்கியபோது துறைமுக அலுவலகத்திலிருந்து ஒரு கடிதம் வந்தது. பத்து வருடம் தொடர்ந்து பயன்படுத்தாத திடல் சங்கத்தின் கையைவிட்டுப் போய்விடும். அதைத் தூர்த்துச் சரக்குப் பெட்டிகள் அடுக்கப் போகிறார்கள். கணக்குப் பார்த்தால், அந்த வருடப் பரிசோதனையைத் தவறவிட்டால் அடுத்தது வருவதற்குள் பத்து முடிந்துவிடும்.

அந்தக் கடிதத்துக்குப் பிறகு மூக்கக்கா யாரிடமும் சொல்லாமல் பஸ் ஏறி ஒரு மூக்கு டாக்டரைப் பார்க்கப் போனாள். டாக்டர் விளக்கடித்துப் பார்த்தார், குப்பிகளை ஒவ்வொன்றாக நீட்டிப் பார்த்தார்.

"மூக்குல ஒரு குறையும் இல்லம்மா. என் மூக்கைவிட நல்லா இருக்கு. ஆனா பெரிய அதிர்ச்சி பட்டவங்களுக்குச் சில சமயம் இல்லாத வாசனையெல்லாம் வரும். மூளை ஞாபகம் வச்சுக்கும்."

"இல்லாத வாசனை எது, இருக்கிற வாசனை எதுன்னு எப்படி டாக்டர் கண்டுபிடிக்கிறது?"

"பக்கத்துல இருக்கிறவங்களைக் கேட்டுப் பாருங்க."

திரும்பி வரும்போது பஸ்ஸில் அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பக்கத்தில் இருப்பவர்கள் எல்லாம் அவளை அல்லவா கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்!

சிரிப்பு அடங்கிய பிறகு பயம் வந்தது. டாக்டர் சொன்னது உண்மையானால், ஐந்தாறு வருடமாகத் திடலைப் பூட்டி வைத்திருப்பது எண்ணெய் அல்ல, அவள்தான்.

பரிசோதனை நாள் வந்தது. கொட்டகையில் கால் வைக்க இடமில்லை. கொழுந்தன் வேலைக்கு லீவு போட்டுவிட்டுப் படகை ஓட்டியிருந்தான்; பானை மூடியையும் அவனேதான் தூக்கினான். அவள் குனிந்தாள். மென்றாள். துப்பினாள்.

"இருக்கு."

 கொழுந்தன் மூடியைப் பிடித்தபடி, "அண்ணி, இன்னொரு தரம் பாருங்களேன்" என்றான்.

இன்னொரு தரம் பார்த்தாள். "லேசாத்தான் தம்பி. ஆனா இருக்கு."

அவன் மூடியைச் சத்தமில்லாமல் கீழே வைத்துவிட்டு வெளியே போனான். தட்டிவிட்டுப் போயிருந்தால் அவளுக்கு இவ்வளவு வலித்திருக்காது. தலைவர் நோட்டைத் திறந்தார், பேனாவைத் திறந்தார், பிறகு இரண்டையும் மூடினார்.

"அக்கா, நான் இன்னிக்கு எழுதலை. நாளைக்குச் சாயங்காலம் கமிட்டி கூடுது. அதுவரைக்கும் யோசிங்க."

"யோசிச்சா வாசனை மாறுமா தலைவரே?"

"மாறாது" என்றார். "வேற எல்லாம் மாறிடும்."

அவர் என்ன கேட்கிறார் என்று அவளுக்குப் புரிந்தது. ஒரே ஒரு சொல். அதைச் சொன்னால் திடல் பிழைக்கும். அது பொய்யாக இருந்தால், லாரிகள் மறுபடி திரும்பி வரும். இரண்டாவது முறை திரும்பி வந்தால் அந்தத் துறைமுகத்தின் பெயரை எந்தச் சந்தையிலும் சொல்ல முடியாது. சொல்லாவிட்டாலும் திடல் போய்விடும்.

மறுநாள் காலை அவள் சமையலறையில் ஒரே பாத்திரத்தை வெகுநேரம் தேய்த்துக்கொண்டிருந்தாள். கணவர் வேலைக்குக் கிளம்பியவர் வாசலில் நின்றார்.

"இல்லைன்னு சொல்லிடலாம்னு தோணுதா?"

"தோணுது."

"சொல்லேன்."

"நீங்களா இருந்தா சொல்வீங்களா?"

"நான் ஐஸ் போடறவன். என் சரக்குக்கு வாசனையே கிடையாது, என்னைக் கேக்கறியே" என்றார். கொஞ்சம் நின்று, "எதைச் சொன்னாலும் வீட்டுக்கு வந்துடு. வேற எங்கேயாவது போய் உக்காராதே" என்று சொல்லிவிட்டுப் போனார்.

மதியம் ஓரகத்தி வந்தாள். கையில் மூடிய சட்டி. வேலைக்குப் போகவில்லை போலிருக்கிறது. உடையின் ஓரம் ஈரமாக இருந்தது.

"அக்கா, சண்டைக்கு வரலை. சாப்பாட்டு நேரம், அதான் வந்தேன்."

"என்ன அது?"

"சிப்பிதான். என்கூட வேலை பாக்கிறவ கொடுத்தா. அவ அண்ணன் பக்கத்துத் துறைமுகம். இப்பத்தான் வேக வச்சேன்."

மூடியைத் திறந்தாள். மூக்கக்கா பழக்கதோஷத்தில் குனிந்தாள். முகத்தில் ஒரு சுளிவும் இல்லை. ஒன்றை எடுத்து மென்றாள், இன்னொன்றும் எடுத்தாள்.

"நல்லா இருக்கு. பால் மாதிரி இருக்கு. எந்தக் கடல்னு சொன்னே?"

ஓரகத்தி இடுப்பில் கை வைத்துக்கொண்டாள். "முழுங்கிட்டீங்களா?"

"முழுங்கிட்டேன்."

"துப்பலையே?"

"எதுக்குடி துப்பணும்?"

"நம்ம திடல் அக்கா இது. காலையில நானே போய்ப் பொறுக்கிட்டு வந்தேன். மூணாவது கம்பி பக்கத்துல, சிவப்புப் பலகைக்கு நேர் கீழே. பிடிச்சா ஜெயில்ல போடட்டும்னுதான் போனேன்." அவள் குரல் ஏறிக்கொண்டே போனது. "எத்தனை வருஷம் அக்கா! ஊர்ல இருக்கிற நோயாளி விரிப்பையெல்லாம் நான் துவைக்கிறேன். இந்த மனுஷன் மூங்கில் உச்சியில குரங்கு மாதிரித் தொங்கறாரு. எல்லாம் உங்க மூக்கை நம்பி! இப்ப அதே மூக்கு பால் மாதிரி இருக்குன்னு சொல்லுது!"

மூக்கக்கா சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். அந்த நிமிடம் டாக்டர் சொன்னதை முழுவதுமாக நம்பிவிட்டதாகப் பிறகு கணவரிடம் சொல்லியிருக்கிறாள். பிறந்ததிலிருந்து கூடவே இருந்த ஒன்று இத்தனை நாள் தன்னை ஏமாற்றியிருக்கிறது என்று தோன்றியபோது அவமானம்கூட வரவில்லையாம். வீட்டில் ஒரு சுவர் இல்லாமல் போனது போல இருந்ததாம்.

ஆனால் கொட்டகையில் வருடக்கணக்காகத் தரம் பிரித்தவளுக்கு ஒரு பழக்கம் உண்டு. சரக்கு சரியில்லை என்றால் அது எப்படி வந்தது என்று கேட்பாள். சரியாக இருந்தாலும் கேட்பாள்.

"எதுல கொண்டு வந்தே?"

"எதுலன்னா? தலையிலதான். இதோ, இந்தச் சட்டியில."

"படகுல இல்லையா?"

"படகுக்கு நான் எங்கே போறது? உங்க கொழுந்தன் சாவியை இடுப்புல முடிஞ்சுக்கிட்டுத் தூங்கறாரு. கரையோட அந்தக் கோடி வழியா, இடுப்பளவு தண்ணியில நடந்தே போயிட்டு வந்தேன். காலைப் பாருங்க, கிழிஞ்சிருக்கு."

மூக்கக்கா காலைப் பார்த்தாள். பிறகு எழுந்து செருப்புகூடப் போடாமல் தெருவில் இறங்கினாள். "எங்கே போறீங்க? நான் பேசிட்டு இருக்கேன்ல?" என்றபடி ஓரகத்தி சட்டியோடு பின்னால் ஓடினாள்.

படகுத்துறையின் கடைசியில், டீசல் படகுகளின் வரிசைக்கு அப்பால், நீலப் படகு கட்டியிருந்தது. அங்கே எப்போதும் டீசல் நாற்றம்தான். அதனாலேயே அவள் அந்தப் பக்கம் வருவதில்லை. பரிசோதனை நாளில் வரவும் விட்டதில்லை. கொழுந்தன் படகுக்குள் உட்கார்ந்து, செய்ய ஒன்றுமில்லாமல் ஒரு கயிற்றைப் பிரித்துப் பிரித்துச் சுற்றிக்கொண்டிருந்தான்.

"தம்பி, தொட்டியைத் திற."

"எதுக்கு அண்ணி?"

"திறப்பா."

மேல்பலகையைத் தூக்கினான். நேற்று ஊற்றிய கடல் தண்ணீர் அடியில் கொஞ்சம் மிச்சம் இருந்தது. வெயிலில் சூடாகியிருந்தது. அவள் மண்டியிட்டு, கண்ணை மூடி, தலையை உள்ளே விட்டாள். வெளியே எடுத்தபோது முகம் வெளிறியிருந்தது என்று ஓரகத்தி சொல்கிறாள். கொழுந்தன், சிரித்துக்கொண்டிருந்தாள் என்கிறான். அவள் சொன்னது ஒன்றுதான்.

"கத்தி இருக்கா? இந்தப் பூச்சைச் சுரண்டு."

சுரண்டினான். நீலத்துக்குக் கீழே பழைய நீலம். அதற்குக் கீழே இன்னும் பழைய நீலம். அதற்கும் கீழே பலகை கறுப்பாக இருந்தது. கத்தி முனையை அழுத்தியதும் மரத்தின் இழைக்குள்ளிருந்து ஒரு துளி கசிந்து தண்ணீரில் இறங்கி, விரல்நகம் அளவுக்கு வானவில்லாக விரிந்தது.

அள்ளிய கறுப்பை நாற்பது நாள் சுமந்த தொட்டி அது. உயிருள்ள சிப்பி தண்ணீரை உள்ளே இழுத்து வெளியே விட்டுக்கொண்டே இருக்கும். அதன் மூச்சு அதுதான். ஐந்து கம்பியையும் சுற்றிப் பொறுக்கிக் கரை சேர ஒன்றரை மணி நேரம். அவ்வளவு நேரமும் அது அந்தத் தொட்டித் தண்ணீரைக் குடித்துக்கொண்டே வந்திருக்கிறது. உயிரோடு வர வேண்டும், யாரும் குறை சொல்லக் கூடாது, எதையும் மாற்றக் கூடாது என்று எல்லோரும் கவனமாக இருந்திருக்கிறார்கள். கொஞ்சம் அலட்சியமாக இருந்து ஒரு வருடம் வேறு படகில் போயிருந்தால் என்றைக்கோ தெரிந்திருக்கும்.

கொழுந்தன் கத்தியைக் கீழே வைத்தான். "அண்ணி, அப்போ இத்தனை வருஷமும் நானா?"

"நீ இல்ல தம்பி. படகு."

"படகும் நானும் வேற வேறயா அண்ணி?"

 பதில் ஓரகத்தியிடமிருந்து வந்தது. சட்டியைத் தரையில் வைத்துவிட்டு அவள் தலையில் கை வைத்துக்கொண்டாள். "ஐயோ, இத்தனை வருஷமா அக்காவை நான் திட்டாத திட்டு இல்லையே! திட்ட வேண்டிய ஆளு எங்க வீட்டுலயே, என் பக்கத்துலயே குறட்டை விட்டுட்டுக் கிடந்திருக்கு! அதுவும் சாவியை இடுப்புல முடிஞ்சுக்கிட்டு!"

முதலில் சிரித்தவன் கொழுந்தன்தான். பிறகு மூவருமே சிரித்தார்கள். டீசல் படகில் வேலையாக இருந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள். இந்தக் குடும்பம் சிரித்து அவர்கள் பார்த்து ரொம்ப நாளாகியிருந்தது.

அன்று மாலை கமிட்டியில் தலைவர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "நம்பறேன். ஆனா நம்பிக்கையை நோட்டுல எழுத முடியாது" என்றார். கடல் இன்னும் ஒரு நாள் நன்றாக இறங்கும். மறுநாள் காலை ஐந்து கம்பிகளிலிருந்தும் பொறுக்கிய சிப்பியை இரண்டாகப் பிரித்தார்கள். ஒரு பாதி நீலப் படகின் தொட்டியில் வந்தது. மறுபாதி வேறொரு படகில், புது பிளாஸ்டிக் தொட்டியில் வந்தது. ஒரே மாதிரி இரண்டு பானைகள். எது எது என்று தலைவருக்கு மட்டும்தான் தெரியும்.

அவள் ஒன்றைக் காட்டி "இருக்கு" என்றாள். மற்றதைக் காட்டி "இல்லை" என்றாள்.

வெளியே போகச் சொல்லி, பானைகளை இடம் மாற்றி, மறுபடி கூப்பிட்டார்கள். மறுபடி சொன்னாள். மூன்றாவது முறை தலைவர் இரண்டிலும் ஒரே சரக்கை வைத்துப் பார்த்தார்.

"ரெண்டுலயும் இல்லை" என்றாள். "என்ன தலைவரே, விளையாடறீங்களா?"

தலைவர் பேனாவைத் திறந்தார். அது எழுதவில்லை. உதறினார், ஊதினார். கூட்டத்தில் ஒருவர் தன் பேனாவை நீட்டினார். அதை வாங்கி, ஒவ்வொரு எழுத்தாக எழுதினார்: இல்லை.

யாரும் கை தட்டவில்லை, ஆர்ப்பரிக்கவில்லை. நின்றுகொண்டிருந்தவர்கள் ஒவ்வொருவராக உட்கார்ந்தார்கள். மூட்டை மேல், தராசு மேல், ஈரத் தரையில், கிடைத்த இடத்தில் உட்கார்ந்தார்கள். வெகுதூரம் பாரம் சுமந்தவன் அதை இறக்கிய பிறகு உடனே நடக்கமாட்டான் அல்லவா, அப்படி. ஓரகத்தி கால்களை நீட்டிப்போட்டுச் சுவரில் சாய்ந்து, கொட்டகைச் சத்தத்துக்கு நடுவில் அப்படியே தூங்கிப்போனாள்.

ஆய்வுக்கூடத்துப் பெண்ணுக்குப் போன் செய்து சொன்னார்கள். அவள், "நாங்க ஐஸ்ல வச்சிடறோம், அப்போ சிப்பி வாயை மூடிக்கும், எதையும் குடிக்காது. நீங்க தொட்டித் தண்ணியில கொண்டு வந்தீங்களா? ஏன் சொல்லவே இல்லை?" என்றாள். தலைவர், "நீங்க கேக்கலையே மேடம்" என்றார். இருவர் சொன்னதும் சரிதான். தாளும் உண்மையைத்தான் சொன்னது, மூக்கும் உண்மையைத்தான் சொன்னது. இரண்டும் வேறு வேறு சிப்பியைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தன.

அவள் மூக்கின் கணக்கில் திடல் எந்த வருடம் சுத்தமாகியிருக்கும் என்பது இனி யாருக்கும் தெரியப்போவதில்லை. ஐந்தாவதிலா, எட்டாவதிலா? பூட்டி வைத்த வருடங்களில் எத்தனை தேவையானவை, எத்தனை வீண்? ஒருவர் இதைக் கொட்டகையில் எடுத்தார். "முன்னாடியே அந்தப் படகை அவங்க மோந்து பாத்திருந்தா..." என்று ஆரம்பித்தார். தலைவர் முடிக்கவிடவில்லை. "வருஷா வருஷம் அந்தப் படகுல போனது நான். தொட்டி மேலயே உக்காந்து போனேன். என் முகத்துல இருக்கிறது என்ன, கொய்யாப்பழமா?" என்றார். அதற்குப் பிறகு யாரும் அதை எடுக்கவில்லை.

இரண்டு வாரம் கழித்துத் திடலில் ஆட்கள் இறங்கினார்கள். சிவப்புப் பலகையைப் பிடுங்கியவன் கொழுந்தன். சங்கம் அவனுக்கு ஒரு பழைய ஃபைபர் படகைக் கொடுத்தது. அதற்கும் நீலமே அடித்தான். ஓரகத்தி சலவைக்கூடத்தில் சொல்லிக்கொள்ளாமலே நின்றுவிட்டாள். லாரிகள் போயின, திரும்பி வரவில்லை. முதல் வாரம் முழுக்க மூக்கக்கா சாயங்காலமானால் சாலையையே பார்த்துக்கொண்டிருந்தாள். இரண்டாவது வாரம் பார்ப்பதை விட்டுவிட்டாள். மூன்றாவது வாரம் பஸ் ஏறி டாக்டரிடம் போனாள். வரிசையில் காத்திருந்து, உள்ளே போய், உட்காராமலே சொன்னாள்.

"இருந்துச்சு டாக்டர்."

டாக்டருக்கு ஒன்றும் புரியவில்லை. அவள் வணக்கம் சொல்லிவிட்டு அடுத்த பஸ்ஸில் திரும்பிவிட்டாள். அன்று மதியம் அவள் தூங்கிய தூக்கத்தைப் பற்றிக் கணவர் இன்றும் பேசுகிறார். மாலை அவர் வேலையிலிருந்து வந்து, அவர் தேநீர் போட்டு, அது ஆறி, மறுபடி சுட வைத்தும் அவள் எழவில்லையாம்.

மிச்சம் இருந்தது பழைய படகு. அது இனி எந்தச் சரக்கையும் ஏற்றக் கூடாது என்று சங்கம் முடிவு செய்தது. கொழுந்தன் அதைக் கரையில் ஏற்றிவைத்து, கோடரியையும் எடுத்துவந்துவிட்டான். விறகுக்குக்கூட ஆகாது, உடைத்து எரித்துவிடலாம் என்றான். மூக்கக்கா கொட்டகையிலிருந்து நடந்து போய் அவனைத் தடுத்தாள்.

"உடைக்காதே தம்பி. என் வீட்டுக்குக் கொண்டு வா."

"உங்க வீட்டுக்கா? அண்ணி, உங்க மூக்குக்கு இது..."

"கொண்டு வாப்பா."

ஆறு பேர் தள்ளுவண்டியில் ஏற்றிக் கொண்டுபோனார்கள். அவள் வீட்டுக் கொல்லையில், துவைக்கும் கல்லுக்கு மேல், நான்கு தூண் நட்டு அதைக் கூரை போலக் கவிழ்த்து வைத்தார்கள். இப்போதும் அங்கேதான் இருக்கிறது. வெயில் காலத்தில் மதிய நேரம் பலகை வியர்க்கும். சமையலறையில் இருந்தபடியே அவளுக்கு அது தெரியும். வேறு யாருக்கும் தெரியாது. சில சமயம் கை வேலையை நிறுத்திவிட்டு ஒரு விநாடி நிற்பாள், பிறகு வேலையைத் தொடர்வாள். ஏன் என்று கொழுந்தன் கேட்டான். ஓரகத்தி பலமுறை கேட்டாள். கணவர் ஒரே ஒருமுறை கேட்டார். ஒவ்வொரு முறையும் அவள் வாளியை எடுத்துக்கொண்டு தண்ணீர் பிடிக்கப் போய்விட்டாள்.

வெயிலுக்கு, மழைக்கு என்று காரணம் சொல்லவும் வழியில்லை. அந்தக் கல்லுக்கு மேல் நல்ல தகரக் கூரை ஒன்று முன்பே இருந்தது. அதைப் பிரித்துப் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்துவிட்டுத்தான் படகைக் கவிழ்க்கச் சொன்னாள்.